தஞ்சை அரசு கைவிட்டுப் போனது எந்த ஆண்டில்? 1749-ஆ, 1773-ஆ, 1799-ஆ, 1855-ஆ?

கோரையாறு (இழையைத் தொடங்கியவர்)

எல்லோருக்கும் வணக்கம். போட்டித் தேர்வுக்குப் படிக்கும் பிள்ளைகளுக்கு வரலாறு சொல்லித் தருகிறேன். தஞ்சை மராத்தியர் பாடம் வந்தால் ஒரு கேள்வி தவறாமல் வரும்: "தஞ்சாவூர் எப்போது சார் வெள்ளைக்காரன் கைக்குப் போச்சு?" விடைத்தாளில் 1799 என்று எழுதினால் மதிப்பெண் கிடைத்துவிடும். இரண்டாம் சரபோஜி ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டு நிர்வாகத்தை ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனியிடம் ஒப்படைத்த ஆண்டு அது. கடைசி அரசர் சிவாஜி ஆண் வாரிசு இல்லாமல் இறந்த 1855-ஐச் சொல்கிறவர்களும் உண்டு.

எனக்கு இரண்டுமே ஒப்பவில்லை. சரபோஜி 1799-ல் கொடுத்தது, அவருக்கு முன்பே குடும்பத்தின் கையை விட்டுப் போயிருந்த ஒன்றை. நான் சொல்லும் நாள் 1773 செப்டம்பர் 17.

போர் ஆற்காட்டு நவாப் முகமது அலியின் பெயரில் நடந்தது. படையும் பீரங்கியும் கம்பெனியுடையவை, தளபதி ஜோசப் ஸ்மித். கோட்டை மதிலில் உடைப்பு விழுந்துவிட்டது. தாக்குவதென்றால் விடியற்காலையில்தான் வருவார்கள் என்று உள்ளே காத்திருந்தார்கள். விடிந்தும் யாரும் வரவில்லை. உச்சி வெயிலில் காவலர்கள் சாப்பிட்டு இளைப்பாறப் போன நேரம் பார்த்துக் கம்பெனிப் படை உடைப்பு வழியாக ஏறி வந்தது. சொல்லிக்கொள்ளும்படி எதிர்ப்பே இல்லை. தஞ்சை அரசர் துளஜாஜி குடும்பத்தோடு சிறைப்பட்டார். அடுத்த இரண்டரை ஆண்டு தஞ்சை நவாபின் நாடு.

1776 ஏப்ரலில் சென்னை கவர்னர் பிகட் நேரில் வந்து துளஜாஜியை மறுபடி அரியணையில் உட்கார வைத்தார், உண்மைதான். ஆனால் அதற்குப் பிறகு கோட்டைக்குள் காவல் நின்றது கம்பெனிப் படை. அந்தப் படைக்கான செலவு உட்பட ஆண்டுக்கு 4 லட்சம் வராகன் (அந்தக் காலத் தங்க நாணயம்) தஞ்சை கட்ட வேண்டும். தன் கோட்டைக் கதவின் சாவி தன்னிடம் இல்லாத அரசரை அரசர் என்று எப்படிச் சொல்வது?

மற்றவர்கள் எந்த ஆண்டைச் சொல்வீர்கள், ஏன் என்று கேட்க ஆசை.

கொள்ளிடக்கரை

நல்ல கேள்வி சார். நான் இன்னும் கால் நூற்றாண்டு பின்னால் போவேன். 1749, தேவிக்கோட்டை.

கதை பலருக்குத் தெரியும், ஆனாலும் முழுதாகச் சொல்ல வேண்டியது. 1736-ல் துக்கோஜி இறந்தார். 1739-ல் பிரதாபசிங் அமர்வதற்குள் இரண்டாம் ஏகோஜி, அவருடைய மனைவி சுஜான் பாய், அப்புறம் சாகுஜி என்று அரியணை கைமாறிக்கொண்டே இருந்தது. யாரை ஏற்றுவது, யாரை இறக்குவது என்பதில் கோட்டைத் தளபதி சையதின் கை இருந்தது. இறக்கப்பட்ட சாகுஜி 1738-ல் புதுச்சேரி கவர்னர் துய்மாவிடம் ஆள் அனுப்பினார்: என்னை மறுபடி உட்கார வையுங்கள், காரைக்காலைத் தருகிறேன். பிரெஞ்சுக்காரர்கள் கிளம்புவதற்குள் அவரே அரியணையைப் பிடித்துவிட்டார், பேச்சும் மாறிவிட்டது. திருச்சியில் இருந்த சந்தா சாகிப் பிரெஞ்சுக்காரர்களுக்காகக் காரைக்காலைப் பிடித்துக் கொடுத்தார். 1739 பிப்ரவரியில் அங்கே பிரெஞ்சுக் கொடி ஏறியது.

அதே சாகுஜி, பிரதாபசிங்கிடம் அரியணையை இழந்த பிறகு, 1749-ல் கடலூர் செயின்ட் டேவிட் கோட்டைக்குப் போய் ஆங்கிலேயரிடம் இதே பேரத்தைப் பேசினார். இந்த முறை விலை, கொள்ளிடம் கடலில் சேரும் இடத்தில் இருந்த தேவிக்கோட்டை. முதல் படையெடுப்பு தோற்றது. இரண்டாவது முறை மேஜர் லாரன்ஸ் போனார், அவரோடு லெப்டினன்ட்டாக ராபர்ட் கிளைவ். கோட்டை உடைப்பை நோக்கிக் கிளைவ் ஒரு சிறு வெள்ளைக்காரப் பிரிவோடு ஓடினார், சிப்பாய்கள் பின்தங்கிவிட்டார்கள். தஞ்சைக் குதிரைப்படை பின்னாலிருந்து பாய்ந்து அந்தப் பிரிவில் பெரும்பாலோரை வெட்டிச் சாய்த்தது. கிளைவ் மயிரிழையில் தப்பினார். அடுத்த தாக்குதலில் கோட்டை விழுந்தது.

அதன் பிறகு நடந்ததுதான் முக்கியம். யாருக்காக வந்தோம் என்று சொன்னார்களோ அந்தச் சாகுஜியை ஆங்கிலேயர் அப்படியே விட்டுவிட்டார்கள். பிரதாபசிங்கோடு பேசி முடித்தார்கள். தேவிக்கோட்டையும் ஆண்டுக்கு 9,000 வராகன் வரும்படி உள்ள நிலமும் கம்பெனிக்கு. சாகுஜிக்கு ஆண்டுக்கு 4,000 ரூபாய் படி, அதையும் கொடுப்பது தஞ்சை. அவர் இனித் தொல்லை தராமல் பார்த்துக்கொள்வது கம்பெனியின் பொறுப்பு.

எந்தப் பக்கம் ஜெயித்தாலும் துறைமுகம் நமக்கு என்பதைக் கம்பெனி அன்றைக்குக் கற்றுக்கொண்டது. அடுத்த நூறு ஆண்டு அந்தப் பாடத்தைத்தான் ஒவ்வோர் அரசிலும் நடத்திக் காட்டியது. அதனால் என் விடை 1749.

பழைய தரங்கை

கொள்ளிடக்கரை அண்ணன் சொல்வது சரி என்றால், துறைமுகம் கொடுத்ததே குற்றம் என்றால், நாம் 1620-க்கே போக வேண்டியிருக்கும். அதை என்னால் ஒத்துக்கொள்ள முடியாது. தரங்கம்பாடிக்காரனாகச் சொல்கிறேன்.

டேனிஷ்காரர்கள் இங்கே வருவதற்கு முன் இலங்கைக்குத்தான் கிளம்பினார்கள், கண்டி அரசரோடு ஒப்பந்தம் போட. அது கைகூடவில்லை. ஓவே யெட்டே என்ற தளபதியின் கப்பல்கள் சோழமண்டலக் கரைக்கு வந்தன. அவருக்கு முன்பே வந்த ரோலண்ட் கிராப்பே என்பவரின் கப்பலைக் காரைக்கால் பக்கம் போர்த்துக்கீசியர் அழித்துவிட, அவர் உயிர் தப்பித் தஞ்சை அரசர் ரகுநாத நாயக்கரின் அரண்மனைக்கு வந்து சேர்ந்திருந்தார். 1620 நவம்பரில் ஒப்பந்தம் ஆயிற்று. ஆண்டுக் குத்தகைக்கு இடம், அதில் டான்ஸ்போர்க் கோட்டை. டென்மார்க் அரசர் நான்காம் கிறிஸ்தியானுக்கு ரகுநாத நாயக்கர் எழுதிய கடிதம் தங்கத் தகட்டில் தமிழில் பொறித்தது. இன்றைக்கும் கோபன்ஹேகன் ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது.

ரகுநாதர் ஏமாளியாக இதைச் செய்யவில்லை. நாகப்பட்டினத்தில் போர்த்துக்கீசியர் அவருடைய தாத்தா செவ்வப்பர் காலத்திலிருந்தே உட்கார்ந்திருந்தார்கள். யாழ்ப்பாணத்தில் அவர்கள் நுழைந்தபோது அதை எதிர்த்து ரகுநாதர் படை அனுப்பியிருக்கிறார். கடலில் அவரிடம் கப்பற்படை இல்லை. கப்பல் வைத்திருக்கும் ஒருவனை எதிர்க்கக் கப்பல் வைத்திருக்கும் இன்னொருவனைக் கொண்டுவந்தார். யார் யாருக்குக் குத்தகை கட்டினார்கள் என்று பாருங்கள். டேனிஷ்காரர் தஞ்சைக்குக் கட்டினார்கள். 1699-ல் மராத்திய அரசர் சாகஜியின் படை தரங்கம்பாடியை முற்றுகையிட்டபோது, சென்னையிலிருந்து ஆங்கிலேயர் ஆள் அனுப்பித்தான் டேனிஷ்காரர் தப்பித்தார்கள். இது குடியேற்ற ஆட்சி ஆகாது. வீட்டுக்காரரும் வாடகைக்காரரும் சண்டை போட்டுக்கொண்டது, அவ்வளவே. கடைசியில் 1845-ல் டேனிஷ்காரர்கள் தரங்கம்பாடியையும் வங்காளத்துச் சேராம்பூரையும் சேர்த்துக் கம்பெனிக்கு 12½ லட்சம் ரூபாய்க்கு விற்றுவிட்டுப் போனார்கள்.

இடையில் 1706-ல் ஜெர்மானியப் பாதிரியார் சீகன்பால்கு வந்தது, தமிழில் அச்சு ஓடியது, 1715-க்குள் புதிய ஏற்பாடு தமிழில் வந்தது எல்லாம் தனி இழைக்கு உரியது. அந்தச் சீகன்பால்குவையே டேனிஷ் கவர்னர் நாலு மாதம் சிறையில் வைத்தார் என்பதை மட்டும் இங்கே சொல்லி நிறுத்துகிறேன். வந்தவர்கள் எல்லோரும் ஒரே கை இல்லை.

நாகைச் செல்வி

தரங்கை அண்ணா, வாடகைக்காரர் என்று நாகப்பட்டினத்து டச்சுக்காரர்களையும் சொல்வீர்களா? 1658-ல் போர்த்துக்கீசியரிடமிருந்து நாகையைப் பிடித்தார்கள். பிறகுதான் நாயக்கரிடம் ஒப்புதல் வாங்கினார்கள், 1676-ல் ஏகோஜியிடம் மறுபடி வாங்கினார்கள். முதலில் பிடிப்பது, அப்புறம் எழுதி வாங்குவது. 1690-ல் பழவேற்காட்டிலிருந்து சோழமண்டலத் தலைமையிடத்தையே நாகைக்குக் கொண்டுவந்துவிட்டார்கள்.

1659 முதல் சில ஆண்டுகள் தஞ்சைச் சீமையில் பஞ்சம், பீஜப்பூர்ப் படைகளின் சூறை வேறு. அந்தச் சமயத்தில் சோறில்லாமல் தன்னையும் பிள்ளையையும் விற்றுக்கொண்டவர்களை நாகைத் துறையிலிருந்து இலங்கைக்கும் பத்தாவியாவுக்கும் (இன்றைய ஜகார்த்தா) ஆயிரக்கணக்கில் கப்பலேற்றினார்கள். எந்த அரசர் எந்த ஆண்டு கையெழுத்துப் போட்டார் என்ற பேச்சில் அந்த மக்கள் விடுபட்டுவிடக் கூடாது. எங்கள் ஊர்க் கடற்கரையில் நின்று எழுதும்போது அவர்களைத்தான் முதலில் நினைக்கிறேன்.

பழைய தரங்கை

தங்கச்சி சொல்வது முழுக்க உண்மை. டச்சுக்காரர் விஷயத்தில் நான் வாதாட வரவில்லை. நான் சொன்னது ரகுநாதரின் கணக்கைப் பற்றி மட்டும்.

வண்டல்

படித்துக்கொண்டே வந்தேன். எல்லோரும் கோட்டையையும் துறைமுகத்தையும் பேசுகிறீர்கள். தஞ்சைக்கு உயிர் தண்ணீர். அந்தப் பக்கத்திலிருந்து பார்த்தால் வேறு கதை தெரியும்.

கல்லணை தஞ்சை அரசரின் எல்லைக்குள் இல்லை. காவிரியும் கொள்ளிடமும் நெருங்கி வரும் கோவிலடிப் பக்கத்துக் கரை திருச்சி சீமையைச் சேர்ந்தது. திருச்சியைப் பிடித்து வைத்திருப்பவன் கையில்தான் தஞ்சையின் சாகுபடி. மதுரை நாயக்கர் காலத்திலிருந்தே இந்தச் சங்கடம் உண்டு. 1736-ல் சந்தா சாகிப் ராணி மீனாட்சியை ஏமாற்றித் திருச்சியை எடுத்துக்கொண்டபோது, தஞ்சைக்கு நடந்ததும் அதே அளவு ஆபத்து. 1754-ல் பிரெஞ்சுக்காரர்கள் தஞ்சையைப் பணிய வைக்கக் கோவிலடிக்கரையை வெட்டிவிட்டார்கள். பீரங்கி வைத்து மதிலை இடித்ததை எல்லாப் புத்தகத்திலும் எழுதுகிறார்கள், கரையை வெட்டியதை ஒரு வரியில் கடந்துவிடுகிறார்கள். ஒரு போகம் போனால் தஞ்சைக் கஜானாவுக்கு என்ன வரும்?

திருச்சி முகமது அலி கைக்கு வந்த பிறகு, கரையைச் செப்பனிடத் தஞ்சை ஆள் அனுப்ப வேண்டுமென்றால் நவாபின் அனுமதி வேண்டும். 1760-களில் இதற்கு ஒரு பெரிய தகராறே நடந்தது. துளஜாஜி, நாங்கள் காலங்காலமாகப் பார்த்துவரும் கரை என்றார். நவாப், என் மண் என்றார். பஞ்சாயத்துப் பண்ணியது சென்னைக் கம்பெனி. காவிரித் தண்ணீருக்குக் கம்பெனியிடம் போய் நிற்க வேண்டி வந்ததே, அன்றைக்கே பாதி முடிந்துவிட்டது.

அப்புறம் ஐதர் கலாபம், மைசூர் ஐதர் அலி படையெடுத்து வந்த காலம். 1781-ல் கோட்டை தவிர நாடு முழுக்க ஐதர் அலியின் படை. கரைகளும் மதகுகளும் உடைந்தன, மாடு கன்று போயிற்று, ஊர் ஊராகச் சனங்கள் ஓடினார்கள். பிள்ளைகளைக் கூட்டம் கூட்டமாக மைசூருக்குக் கொண்டுபோனார்கள். தஞ்சைக் கோட்டைக்குள் இருந்தவர்களுக்குத் தானியம் இல்லை. விவசாயிகள் அரசர் ஆளையும் நம்பவில்லை, கம்பெனி ஆளையும் நம்பவில்லை, நெல் கொண்டுவந்தால் காசு வராது என்று தெரியும். பாதிரியார் ஷ்வார்ட்ஸ் தன் பொறுப்பில் பணம் தருவதாகச் சொன்ன பிறகுதான் வண்டி வந்தது. அரசு என்பது குடிகள் அதன் வார்த்தையை நம்புவது. அந்த நம்பிக்கை போனது 1781-ல் என்றுதான் நான் சொல்வேன். அதற்கு முன்பே போயிருக்கலாம், 1773-76-ல் நவாபின் ஆட்கள் களத்தில் நின்று வசூல் பண்ணிய காலத்தில்.

கோரையாறு

வண்டல் ஐயா, அந்த 1773-76 வசூல் பற்றி ஒன்று சேர்க்கிறேன். இது என் ஆண்டுக்கும் வலு சேர்க்கும்.

1776-ல் துளஜாஜிக்கு நாட்டைத் திருப்பித் தந்தவுடன் பால் பென்ஃபீல்ட் என்ற கம்பெனி ஊழியர் ஒருவர் சென்னைக் கவுன்சிலில் ஒரு கணக்கை வைத்தார். நவாப் எனக்கு 1,62,000 பவுண்டு கடன்பட்டிருக்கிறார், அதைத் தஞ்சை வருவாயிலிருந்து எடுத்துக்கொள்ள எழுதிக் கொடுத்திருக்கிறார். இதைத் தவிரத் தஞ்சையில் தனி ஆட்களுக்கு 72,000 பவுண்டு கொடுத்திருக்கிறேன், அதற்கு வயலில் நிற்கும் பயிர் பிணை என்றார். அவருடைய சம்பளம் ஆண்டுக்குச் சில நூறு பவுண்டு. அவ்வளவு பணம் அவருக்கு எங்கிருந்து வந்தது என்று கவர்னர் பிகட் கேட்டார், பத்திரம் கேட்டார். கவுன்சில் பெரும்பான்மை பென்ஃபீல்ட் பக்கம் சாய்ந்தது, ஏனென்றால் நவாபின் கடன் பத்திரங்கள் பலர் வீட்டிலும் இருந்தன. 1776 ஆகஸ்ட் 24 அன்று பிகட்டையே கைது செய்தார்கள். காவலில் இருந்தபடியே 1777 மே மாதம் இறந்தார்.

சென்னை கவர்னரைச் சென்னையின் சக அதிகாரிகளே சிறைவைத்த காரியம். காரணம், தஞ்சை வயலில் நின்ற நெல் யாருக்குச் சொந்தம் என்ற கேள்வி. 1785-ல் எட்மண்ட் பர்க் பாராளுமன்றத்தில் ஆற்காட்டு நவாபின் கடன்களைப் பற்றிப் பேசிய உரையில் பென்ஃபீல்டைக் கிழித்துத் தொங்கவிட்டார். அந்த உரைக்குப் பின்னால் இருப்பது நம் மாவட்டம் என்பது நம்மில் பலருக்குத் தெரியாது.

கொள்ளிடக்கரை

இதைப் படித்த பிறகு எனக்கு ஒரு நூல் தெரிகிறது. துறைமுகம் கொடுத்தது ஒரு பக்கம். இன்னொரு பக்கம், பத்திரம்.

1749 கடைசியில் சந்தா சாகிபும் பிரெஞ்சுக்காரரும் தஞ்சையைச் சுற்றி வளைத்தார்கள். பிரதாபசிங் பேச்சு வார்த்தையை இழுத்து இழுத்து 70 லட்சம் ரூபாய் தருவதாகவும் காரைக்காலோடு 81 ஊர் சேர்ப்பதாகவும் ஒத்துக்கொண்டார். கொஞ்சம் கொடுத்தார், மிச்சத்துக்குச் சாக்குச் சொல்லிக்கொண்டே இருந்தார், ஹைதராபாத் நிஜாம் நாசிர் ஜங்கின் படை வருகிறது என்றதும் முற்றுகை கலைந்தது. கெட்டிக்காரத்தனம்தான். ஆனால் பாக்கிக்கு எழுதிய பத்திரம் புதுச்சேரியில் பத்திரமாக இருந்தது. 1758-ல் பிரெஞ்சுத் தளபதி லாலி அந்தப் பத்திரத்தைக் காட்டித்தான் தஞ்சைக்குப் படையெடுத்தார். வழியில் நாகூரைக் கொள்ளையடித்தார், கீழ்வேளூரில் கோயில் அந்தணர்களை உளவாளிகள் என்று சொல்லிப் பீரங்கி வாயில் கட்டிச் சுட்டார். தஞ்சை மதிலுக்கு முன்னால் வெடிமருந்து தீர்ந்துபோய், காரைக்கால் கடலில் ஆங்கிலேயக் கப்பல்கள் தெரிகின்றன என்ற சேதி வரவும் திரும்பி ஓடினார்.

1762-ல் நவாபுக்கும் தஞ்சைக்கும் கம்பெனி சமாதானம் செய்து வைத்தது: பழைய பாக்கி 22 லட்சம் ரூபாய், ஆண்டுப் பேஷ்கஷ் (கப்பம்) 4 லட்சம் ரூபாய். 1771-ல் துளஜாஜி ராமநாதபுரத்தோடு சண்டைக்குப் போனதைச் சாக்காக வைத்து நவாபும் கம்பெனியும் வந்தார்கள். சண்டையை நிறுத்த இன்னொரு பெருந்தொகை, தவணையில். அந்தத் தவணைக்குப் பணம் புரட்ட நாகூரை டச்சுக்காரரிடம் விற்றார் துளஜாஜி. அப்படியும் பாக்கி நின்றது. அந்தப் பாக்கியும், நாகூரை விற்றதும், ஐதரோடு பேசுகிறார் என்ற புகாரும் சேர்ந்துதான் 1773 முற்றுகை.

ஆகவே சார், உங்கள் 1773-ம் என் 1749-ம் ஒரே கயிற்றின் இரண்டு முனை. ஒவ்வொரு முறையும் தஞ்சை போரில் தப்பித்தது, பத்திரத்தில் மாட்டிக்கொண்டது.

முத்தாம்பாள்புரம்

ஒரத்தநாட்டிலிருந்து எழுதுகிறேன். சரபோஜியை எல்லோரும் ஒரு வரியில் தாண்டிப் போவது எனக்கு வருத்தம்.

அவர் நிலையை யோசித்துப் பாருங்கள். 1787-ல் துளஜாஜி சாகும்போது தத்தெடுத்த சிறுவன். சித்தப்பா அமர்சிங் காப்பாளராக வந்து அரசராகிவிட்டார். தத்து செல்லாது என்று ஒருமுறை கம்பெனி தீர்ப்புச் சொன்னது, பத்து ஆண்டு கழித்துச் செல்லும் என்றது. 1798-ல் பட்டம். 1799 அக்டோபரில் நிர்வாகம் முழுக்கக் கம்பெனிக்கு. அவருக்கு மிஞ்சியது தஞ்சைக் கோட்டை, ஆண்டுக்கு 1 லட்சம் வராகன், நிகர வருவாயில் ஐந்தில் ஒரு பங்கு. இருபதுகளின் தொடக்கத்தில் இருந்த ஒருவர். வேறு யாராக இருந்தாலும் அந்தப் பணத்தைக் கேளிக்கையில் கரைத்திருப்பார்கள்.

அவர் என்ன செய்தார்? சரஸ்வதி மகாலில் நாயக்கர் காலச் சுவடிகளோடு தான் சேர்த்ததையும் வைத்தார். காசிக்குப் போனவர் அங்கிருந்தும் சுவடிகள் கொண்டுவந்தார். தன்வந்திரி மகாலில் மருத்துவம். கண் நோயாளிகளின் நோய்க் குறிப்புகளைக் கண் படங்களோடு எழுதி வைத்தார்கள், இன்றும் பார்க்கலாம். 1805-ல் தேவநாகரி எழுத்தில் அச்சகம். எங்கள் ஊர் முத்தாம்பாள் சத்திரத்தில் வழிப்போக்கருக்குச் சோறு மட்டும் இல்லை, பள்ளிக்கூடம், வைத்தியம் எல்லாம் நடந்தன. 1803-ல் பெரிய கோயில் சுவரில் போன்ஸ்லே குடும்ப வரலாற்றை மராத்தியில் நீளமாக வெட்டி வைத்தார். கையில் படை இல்லாதவர், தன் குலத்தின் கதையையாவது கல்லில் நிறுத்தினார். எனக்கு அது பெரிய காரியமாகப் படுகிறது.

நாகைச் செல்வி

அக்கா, மனோரா? 1814-ல் நெப்போலியனை ஆங்கிலேயர் வென்றதற்காகச் சேதுபாவாசத்திரம் பக்கம் எட்டடுக்குக் கோபுரம் கட்டினாரே. அதையும் சொல்ல வேண்டும் இல்லையா?

முத்தாம்பாள்புரம்

சொல்லத்தான் வேண்டும். கட்டினார், கம்பெனி நண்பர்களின் வெற்றிக்கு என்று கல்வெட்டும் வைத்தார். அவரை வளர்த்து, படிக்க வைத்து, அரியணைக்காகக் கம்பெனியிடம் பேசியவர் ஷ்வார்ட்ஸ். அந்த நன்றிக் கடனில் வளர்ந்த மனிதர், கம்பெனியின் எதிரி தனக்கும் எதிரி என்று நினைத்தார். அதை நான் பாராட்டவில்லை. ஆனால் மனோராவை வைத்துச் சரஸ்வதி மகாலை மறக்க மாட்டேன்.

வண்டல்

அம்மா சொல்வதில் நியாயம் இருக்கிறது. ஒன்று மட்டும். ஐந்தில் ஒரு பங்கு என்றால் நாட்டில் வசூல் கூடினால் அரண்மனைக்கும் கூடும். வசூல் பண்ணுவது கலெக்டர், வாங்குவது அரண்மனை. குடிகளின் முறையீட்டைக் கேட்கும் இடத்தில் அரசர் இல்லை, ஆனால் குடிகள் கட்டுவதில் அவருக்குப் பங்கு இருந்தது. சத்திரமும் நூலகமும் அந்தப் பங்கிலிருந்து வந்தவை. அப்படிக் குடிகளுக்கே திரும்பி வந்த அளவுக்கு அவரை நானும் மதிக்கிறேன்.

குமாஸ்தா மகன்

தாமதமாக வருகிறேன். 1855-ஐ எல்லோரும் சம்பிரதாயமாகச் சொல்லிவிட்டு விட்டுவிட்டீர்கள். அங்கேதான் எனக்குச் சொல்ல வேண்டியது இருக்கிறது. அப்பா நீதிமன்றத்தில் வேலை பார்த்தவர், இந்த வழக்கை அவர் வழியாகத்தான் தெரிந்துகொண்டேன்.

1855 அக்டோபரில் சிவாஜி இறந்தார். மகன் இல்லை. வாரிசு இல்லாத அரசுகளைக் கம்பெனியோடு சேர்த்துக்கொண்ட கவர்னர் ஜெனரல் டல்ஹவுசியின் காலம்; ராஜ்ஜியம் முடிந்தது என்று அறிவித்தார்கள். நிர்வாகம் 1799-லேயே போய்விட்டது, மிச்சம் பட்டம்தானே என்று நினைப்போம். ஆனால் கம்பெனி அங்கே நிற்கவில்லை. 1856-ல் ஃபோர்ப்ஸ் என்ற அதிகாரி படையோடு அரண்மனைக்குள் போனார். அறைகளுக்கு முத்திரை வைத்தார், வாசலில் காவல் போட்டார். நகை, துணிமணி, பாத்திரம், புத்தகம், குடும்பத்துத் தனி நிலம் எல்லாம் அரசாங்கச் சொத்து என்றார். பட்டத்தோடு வந்தது எது, குடும்பச் சொத்து எது என்ற பாகுபாடே பார்க்கவில்லை.

மூத்த ராணி காமாட்சி பாய் சும்மா இருக்கவில்லை. சென்னை சுப்ரீம் கோர்ட்டில் கம்பெனியின் மேல் வழக்குப் போட்டார். அவருக்காக வாதாடியவர் ஜான் புரூஸ் நார்ட்டன். இந்துச் சட்டப்படி ஆண் வாரிசு இல்லாத கணவனின் தனிச் சொத்து மனைவிக்கு என்பது வாதம். சென்னையில் ஜெயித்தார்! 1850-களில், கோஷாவில் (திரை மறைவில்) இருந்த ஒரு பெண், கம்பெனியை ஆங்கிலேயரின் கோர்ட்டிலேயே வென்றார். இதைப் பாடத்தில் ஏன் சொல்வதில்லை என்று எனக்கு ஆதங்கம்.

கம்பெனி லண்டனுக்கு மேல்முறையீடு போனது. 1859-ல் பிரிவி கவுன்சில் தீர்ப்பு வந்தது. கம்பெனி இதைச் செய்தது ஒரு வேற்று அரசின் மேல் இறையாண்மை உள்ள அரசாக, ஆகவே இது அரசச் செயல், இதை விசாரிக்க எந்த உள்நாட்டுக் கோர்ட்டுக்கும் அதிகாரம் இல்லை என்றார்கள். இது நியாயமா இல்லையா என்று கருத்துச் சொல்லக்கூடத் தங்களுக்கு உரிமை இல்லை என்றும் அதிலேயே எழுதினார்கள். 

இப்போது கேளுங்கள். 1762-லிருந்து தஞ்சையைக் கப்பம் கட்டுகிற ஊர் என்றார்கள். 1799-க்குப் பிறகு படி வாங்குகிற ஜமீன் மாதிரி நடத்தினார்கள். ஆனால் ராணி சொத்தைக் கேட்டவுடன், இல்லை இல்லை, தஞ்சை ஒரு தனி அரசு, நாங்கள் ஓர் அரசை எடுத்துக்கொண்டோம், அதைக் கோர்ட் கேட்க முடியாது என்றார்கள். தஞ்சையைச் சுதந்திர அரசு என்று ஆங்கிலேயச் சட்டம் முழு வாயோடு ஒத்துக்கொண்டது 1859-ல், அதன் பலனை அந்தக் குடும்பத்துக்கு மறுப்பதற்காக.

கோரையாறு

குமாஸ்தா மகன் நண்பரே, இது எனக்குப் புதிய வெளிச்சம். ராணிகளுக்குப் பிறகு ஏதாவது திரும்பக் கிடைத்ததா?

குமாஸ்தா மகன்

கிடைத்தது சார். 1862-ல் குடும்பத்துத் தனி நிலங்களை அரசாங்கம் ராணிகளுக்குத் திருப்பிக் கொடுத்தது. ஆனால் தயவாகக் கொடுத்ததாக எழுதிக் கொடுத்தது, உரிமையாக இல்லை. பிறகு அந்த எஸ்டேட் யாருக்கு எப்படிச் சேரும் என்பதற்கே தனி வழக்குகள் நீண்ட காலம் நடந்தன.

காமாட்சி பாய் வழக்கின் பெயர் இன்னும் சாகவில்லை. சுதந்திரத்துக்குப் பிறகு சமஸ்தானங்கள் இந்தியாவோடு சேர்ந்தபோது, பழைய மன்னர் கொடுத்த உரிமை புதிய அரசைக் கட்டுப்படுத்துமா என்ற வழக்குகள் தில்லி சுப்ரீம் கோர்ட்டுக்கு வந்தன. 1950-களில் வந்த தீர்ப்புகளில் இந்தத் தஞ்சை வழக்கை எடுத்து வைத்துப் பேசியிருக்கிறார்கள். சட்டக் கல்லூரியில் அரசச் செயல் என்ற பாடம் வந்தால் முதலில் வருவது இந்த வழக்குதான். அதனால் உங்கள் பிள்ளைகளுக்கு 1799, 1855 இரண்டையும் சொல்லும்போது 1859-ஐயும் காமாட்சி பாய் பெயரையும் சேர்த்துச் சொல்லுங்கள். தேர்வில் வராது, ஆனாலும் சொல்லுங்கள்.